தமிழ்ப் பி.டி.எஃப் கோப்பு

தமிழ்ப் பி.டி.எஃப் கோப்பு எனப்படுவது, தமிழ் உரையைப் பி.டி.எஃப் என்னும் கையடக்க ஆவண வடிவத்தில் கொண்டுள்ள கணினிக் கோப்பு ஆகும். ஓர் ஆவணம் எந்தக் கணினியில், எந்த இயங்குதளத்தில் திறக்கப்பட்டாலும் ஒரே தோற்றத்தைத் தர வேண்டும் என்பதே இவ்வடிவத்தின் நோக்கம். பாடநூல்கள், அரசாணைகள், சான்றிதழ்கள், வாக்காளர் பட்டியல்கள், மின்னூல்கள், தொழிற்கூட வரைபடங்கள் எனப் பலவும் இன்று இவ்வடிவத்திலேயே பரிமாறப்படுகின்றன.

திரையில் பிழையின்றித் தெரியும் தமிழ்ப் பி.டி.எஃப் கோப்பு ஒன்றில், கண்ணெதிரே உள்ள ஒரு சொல்லைத் தேடினால் கிடைக்காமல் போவதும், ஒரு பத்தியைப் படியெடுத்து ஒட்டினால் குழம்பிய எழுத்துகள் வருவதும் பரவலாகக் காணப்படும் சிக்கல்கள். பார்வையற்றோர் பயன்படுத்தும் திரைபடிப்பான் மென்பொருளும் இத்தகைய கோப்பைச் சரிவரப் படிக்க இயலாது. இதற்கான காரணங்களும், இக்கோப்புகளைத் திறம்பட உருவாக்கிக் கையாளும் வழிகளும் கீழே விளக்கப்படுகின்றன.

வரலாறு

அடோபி நிறுவனத்தை நிறுவியவர்களுள் ஒருவரான சான் வார்னாக், 1991 ஆம் ஆண்டளவில் "கேம்லாட்" என்ற பெயரில் ஒரு திட்டத்தை முன்வைத்தார். எந்த மென்பொருளில் உருவாக்கிய ஆவணத்தையும் எந்தக் கணினியிலும் பார்க்கவும் அச்சிடவும் வழி செய்வதே அத்திட்டத்தின் குறிக்கோள். அந்நிறுவனம் முன்னரே உருவாக்கியிருந்த போஸ்ட்ஸ்கிரிப்ட் என்னும் பக்க விவரிப்பு மொழி இதற்கு அடிப்படையாக அமைந்தது. 1993 சூன் மாதத்தில் பி.டி.எஃப் வடிவத்தின் முதற்பதிப்பும் அக்ரோபாட் மென்பொருளும் வெளியாயின. படிப்பதற்கான மென்பொருள் தொடக்கத்தில் விலைக்கு விற்கப்பட்டது. பின்னர் அது இலவசமாக்கப்பட்டதே இவ்வடிவம் உலகெங்கும் பரவ முதன்மைக் காரணமாயிற்று.

2008 சூலை 1 அன்று பி.டி.எஃப் 1.7 பதிப்பு, ஐ.எசு.ஓ 32000-1 என்ற பன்னாட்டுச் சீர்தரமாக வெளியானது. அது முதல் இவ்வடிவம் ஒரு தனி நிறுவனத்தின் கட்டுப்பாட்டில் இல்லை. பி.டி.எஃப் 2.0 பதிப்பு 2017 இல் வெளிவந்து 2020 இல் திருத்தப்பட்டது.

கோப்பின் அமைப்பு

பி.டி.எஃப் கோப்பு நான்கு பகுதிகளைக் கொண்டது.

1. தலைப்பகுதி: பதிப்பு எண்ணைக் கூறும் முதல் வரி.
2. உடற்பகுதி: பக்கங்கள், எழுத்துருக்கள், படங்கள் ஆகியவை எண்ணிடப்பட்ட பொருள்களாக இங்கு இடம்பெறும்.
3. குறுக்கு மேற்கோள் அட்டவணை: ஒவ்வொரு பொருளும் கோப்பின் எத்தனையாவது பைட்டில் தொடங்குகிறது என்ற பட்டியல்.
4. வால்பகுதி: அட்டவணை எங்குள்ளது, முதற்பொருள் எது என்பவற்றைக் கூறுவது.

படிக்கும் மென்பொருள் கோப்பை இறுதியிலிருந்தே படிக்கத் தொடங்குகிறது. எனவே, பதிவிறக்கம் பாதியில் நின்று வால்பகுதி இல்லாமல் போன கோப்பு பெரும்பாலும் திறப்பதில்லை. ஒரு கோப்பைத் திருத்திச் சேமிக்கும்போது பழைய உள்ளடக்கத்தை அழிக்காமல், மாற்றங்களை மட்டும் இறுதியில் சேர்க்கவும் இவ்வமைப்பு இடமளிக்கிறது. நீக்கப்பட்டதாகக் கருதப்படும் செய்திகள் சில வேளைகளில் கோப்பினுள் எஞ்சியிருப்பது இதனாலேயே.

தமிழ் எழுத்துகள் சேமிக்கப்படும் முறை

வடிவமும் எழுத்தும்

சொற்செயலியில் "க" என்ற எழுத்து ஓர் எண்ணாகச் சேமிக்கப்படுகிறது. ஒருங்குறியில் தமிழுக்கு 2944 முதல் 3071 வரையான எண்கள் ஒதுக்கப்பட்டுள்ளன. அவற்றுள் "க" என்பதன் எண் 2965. பி.டி.எஃப் கோப்போ எழுத்தைச் சேமிப்பதில்லை. "இந்த எழுத்துருவின் இத்தனையாவது வடிவத்தைப் பக்கத்தின் இந்த இடத்தில் வரைக" என்னும் கட்டளையையே சேமிக்கிறது. வரைவதற்கு இது போதுமானது. ஆனால் தேடுவதற்கும் படியெடுப்பதற்கும், அந்த வடிவம் எந்த எழுத்தைக் குறிக்கிறது என்பது தெரிய வேண்டும். இதற்காக ஒவ்வொரு எழுத்துருவுடனும் ஒருங்குறிப் பொருத்த அட்டவணை ஒன்று இணைக்கப்படலாம். அது இல்லாமலோ பிழையாகவோ இருந்தால், மனிதர் படிக்கக்கூடிய அக்கோப்பைக் கணினியால் படிக்க இயலாது.

பழைய எழுத்துருக்கள்

ஒருங்குறி பரவும் முன், தமிழ் எழுத்துருக்கள் ஆங்கில எழுத்துகளுக்குரிய இடங்களில் தமிழ் வடிவங்களை வைத்து உருவாக்கப்பட்டன. ஒவ்வொரு நிறுவனமும் தனக்கென ஒரு முறையைக் கையாண்டது. இலங்கையிலும் புலம்பெயர்ந்த தமிழர்களிடையேயும் பரவலான பாமினி எழுத்துருவில், "தமிழ்" என்ற சொல் ஆங்கிலச் சிற்றெழுத்துகளான ஜே, கே, பி, ஓ ஆகியவையும் ஓர் அரைப்புள்ளியுமாகச் சேமிக்கப்படுகிறது. அந்த எழுத்துருவால் ஆன பி.டி.எஃப் கோப்பிலிருந்து இச்சொல்லைப் படியெடுத்தால் அந்த ஐந்து குறிகளே கிடைக்கும். தமிழ்நாட்டு அரசு அலுவலகங்களில் பெரிதும் பயன்பட்ட வானவில் எழுத்துருக்களில் உருவாக்கிய ஆவணங்களுக்கும் இதே நிலைதான்.

இக்குழப்பத்தைத் தீர்க்கப் பல முயற்சிகள் நடந்தன. இணையவழிக் கலந்துரையாடல்கள் மூலம் திஸ்கி குறியேற்றம் உருவானது. 1999 பிப்ரவரியில் சென்னையில் நடந்த தமிழ் இணையம் 99 மாநாட்டைத் தொடர்ந்து, டாம், டாப் என்னும் குறியேற்றங்களையும் தமிழ்99 விசைப்பலகையையும் தமிழ்நாடு அரசு ஏற்றது. 2010 சூன் மாதத்தில் கோவையில் உலகத் தமிழ்ச் செம்மொழி மாநாடு நடந்தபோது, ஒருங்குறியே அரசின் சீர்தரம் என ஆணையிடப்பட்டது. ஒருங்குறியை ஏற்காத மென்பொருள்களுக்கு டேஸ்16 என்னும் அனைத்து எழுத்துக் குறியேற்றம் பரிந்துரைக்கப்பட்டது.

கொம்புகளின் இடமாற்றம்

ஒருங்குறியில் உருவாக்கிய கோப்புகளிலும் ஒரு சிக்கல் எஞ்சியுள்ளது. ஒருங்குறி ஒலிப்பு வரிசையில் எழுத்துகளைச் சேமிக்கிறது. "கெ" என்பது முதலில் "க", அடுத்து ஒற்றைக் கொம்பு என்ற வரிசையில் அமையும். தாளில் எழுதும்போது கொம்பு முன்னே வருகிறது. பி.டி.எஃப் கோப்பு தோற்ற வரிசையையே பின்பற்றுவதால், ஒருங்குறிப் பொருத்த அட்டவணை சரியாக இருந்தாலும், படியெடுக்கும்போது கொம்பு முதலிலும் மெய் அடுத்தும் வந்துவிடுகின்றன. "கொடை" என்னும் சொல் "ெகாைட" என வருவது இதனாலேயே. "கொ" என்ற எழுத்து கொம்பு, ககரம், கால் என மூன்று வடிவங்களாகப் பிரிந்து நிற்பதால் குழப்பம் மிகுகிறது.

பி.டி.எஃப் 1.4 பதிப்பிலிருந்து, ஒரு வடிவத் தொகுதிக்கு உரிய உண்மை உரையைத் தனியே குறித்து வைக்க வழி உள்ளது. கோப்பை உருவாக்கும் மென்பொருள் இவ்வசதியைப் பயன்படுத்தினால் மட்டுமே உரை சரியாக மீளும்.

குழம்பிய உரையைப் பின்வரும் விதிகளின்படி பெரும்பாலும் சீர்செய்யலாம்.

1. ெ, ே, ை ஆகிய குறிகளை அடுத்து ஒரு மெய்யெழுத்து வந்தால் இரண்டையும் இடம் மாற்றுக.
2. அதன்பின், ஒற்றைக் கொம்பும் காலும் அடுத்தடுத்து வந்தால் "ொ" எனவும், இரட்டைக் கொம்பும் காலும் வந்தால் "ோ" எனவும் இணைக்க.
3. ஒற்றைக் கொம்பையும் மெய்யையும் அடுத்து ளகர வடிவம் வந்தால், அது ஔகாரமா அல்லது தனி ளகரமா என்பதைச் சொல்லின் பொருளறிந்து முடிவு செய்க. "கௌரி" என்பது "கெளரி" எனத் தவறாகப் பதிவாவது இவ்வகைக் குழப்பத்தால்.

முதல் இரண்டு விதிகளையும் சிறு நிரலாக எழுதி ஒரு நூல் முழுவதையும் நொடிகளில் திருத்தலாம். மூன்றாவதற்கு அகராதியோ மனிதரின் பார்வையோ தேவை.

வகைகள்

உள்ளடக்கத்தின் தன்மையைப் பொறுத்துத் தமிழ்ப் பி.டி.எஃப் கோப்புகளை மூன்றாகப் பிரிக்கலாம்.

உரைக் கோப்பு: ஒருங்குறி எழுத்துருவில் உருவாக்கப்பட்டு உரை மீளக்கூடியது. எவ்வளவு பெரிதாக்கினாலும் எழுத்தின் விளிம்பு தெளிவாக இருக்கும்.

பழைய குறியேற்றக் கோப்பு: பெரிதாக்கினாலும் தெளிவாக இருக்கும். ஆனால் படியெடுத்தால் ஆங்கில எழுத்துகளோ பொருளற்ற குறிகளோ வரும். எந்த எழுத்துரு எனக் கண்டறிந்து குறியேற்ற மாற்றி மூலம் ஒருங்குறிக்கு மாற்றலாம்.

படக் கோப்பு: தாளை வருடியால் படமெடுத்து உருவாக்கியது. பெரிதாக்கினால் விளிம்புகள் மங்கும். எழுத்துகளைச் சுட்டியால் தெரிவு செய்ய இயலாது.

ஒரு கோப்பு எவ்வகை என்பதை அறிய மூன்று சோதனைகள் போதும்: பக்கத்தை 400 விழுக்காடு பெரிதாக்கிப் பார்த்தல், கொம்பெழுத்துள்ள ஒரு சொல்லைப் படியெடுத்து உரைத்தொகுப்பியில் ஒட்டிப் பார்த்தல், ஆவணப் பண்புகளில் எழுத்துருப் பட்டியலைப் பார்த்தல். பட்டியல் வெறுமையாக இருந்தால் அது படக் கோப்பு. எழுத்துருவின் பெயருடன் "உட்பொதிக்கப்பட்டது" என்ற குறிப்பு இல்லையெனில், அவ்வெழுத்துரு நிறுவப்படாத கணினிகளில் பக்கம் சிதைந்து தெரியக்கூடும்.

தமிழ் மின்னூலகங்களில் பயன்பாடு

மதுரைத் திட்டம்: 1998 பொங்கல் நாளில் தொடங்கப்பட்ட தன்னார்வ முயற்சி. சுவிட்சர்லாந்தின் லோசான் நகரில் வாழும் வேதியியல் அறிஞர் கு. கல்யாணசுந்தரம் இதனைத் தலைமையேற்று நடத்தினார். நூல்கள் தட்டச்சு செய்யப்பட்டு, மெய்ப்புப் பார்க்கப்பட்டு, வலைப்பக்கமாகவும் பி.டி.எஃப் கோப்பாகவும் வெளியிடப்பட்டன. தமிழ் எழுத்துரு நிறுவுவதே கடினமாக இருந்த அக்காலத்தில், எழுத்துரு உட்பொதிந்த பி.டி.எஃப் கோப்புகள் எவரும் உடனே படிக்க உதவின. திஸ்கியிலும் பின்னர் ஒருங்குறியிலும் நூல்கள் வெளிவந்தன. உரை தனியே பேணப்பட்டதால், குறியேற்றம் மாறியபோதும் உழைப்பு வீணாகவில்லை.

நூலகம் திட்டம்: 2005 இல் இலங்கைத் தமிழ் ஆவணங்களைப் பாதுகாக்கத் தொடங்கப்பட்டது. 1981 இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டபோது ஈடு செய்ய இயலாத ஏட்டுச்சுவடிகளும் நூல்களும் அழிந்தன. ஒரே இடத்தில் ஒரே படி மட்டும் இருப்பதன் ஆபத்தை அந்நிகழ்வு உணர்த்தியது. நூலகம் திட்டத்தில் நூல்கள், இதழ்கள், நாளேடுகள், சிறப்பு மலர்கள் ஆகியவை வருடப்பட்டுப் பெரும்பாலும் படக் கோப்புகளாக வெளியிடப்படுகின்றன. இத்தகைய கோப்பில் தாளின் தோற்றம், விளம்பரங்கள், ஓரக்குறிப்புகள் எல்லாம் காக்கப்படுகின்றன. ஆனால் உள்ளடக்கத்தைத் தேட இயலாததால், நூல் விவரப் பட்டியலை விரிவாக எழுத வேண்டியுள்ளது.

தமிழ் இணையக் கல்விக்கழகம்: 2001 இல் தமிழ் இணையப் பல்கலைக்கழகமாகத் தொடங்கப்பட்டது. இதன் தமிழ் மின்னூலகத் தளத்தில் அரிய நூல்களும் இதழ்களும் வருடப்பட்ட கோப்புகளாகக் கிடைக்கின்றன. இக்கழகம் வழங்கிய நாட்டுடைமை நூல்களின் கோப்புகள் இரண்டாயிரத்திற்கும் மேற்பட்டவை தமிழ் விக்கிமூலத்தில் பதிவேற்றப்பட்டன. எழுத்துணரி மூலம் பெற்ற உரையைத் தன்னார்வலர்கள் பக்கம் பக்கமாகப் படத்துடன் ஒப்பிட்டு மெய்ப்புப் பார்க்கின்றனர்.

வாக்காளர் பட்டியலும் தேடல் வசதியும்

கோப்பின் வகை பொதுவாழ்வைப் பாதிக்கக்கூடியது என்பதற்கு இந்திய வாக்காளர் பட்டியல் எடுத்துக்காட்டாகும். 2018 சனவரியில் இந்தியத் தேர்தல் ஆணையம், வாக்காளர் பட்டியல்களைப் படக் கோப்புகளாக வெளியிடுமாறு மாநிலங்களுக்கு அறிவுறுத்தியது. வாக்காளரின் விவரங்கள் பெருமளவில் திரட்டப்படுவதைத் தடுப்பதே காரணமாகக் கூறப்பட்டது. இரட்டைப் பதிவுகளையும் போலிப் பெயர்களையும் கண்டறியத் தேடக்கூடிய உரைக் கோப்பு தேவை எனக் கமல்நாத், சச்சின் பைலட் ஆகியோர் தொடுத்த வழக்குகளை, உச்ச நீதிமன்றம் 2018 அக்டோபர் 12 அன்று தள்ளுபடி செய்தது. வேண்டுவோர் தாமே அதனைத் தேடக்கூடிய வடிவத்திற்கு மாற்றிக்கொள்ளலாம் என நீதிமன்றம் கூறியது.

2025 இல் பீகாரில் நடந்த சிறப்புத் தீவிரத் திருத்தத்தில், வரைவுப் பட்டியலில் ஏறத்தாழ 65 இலட்சம் பெயர்கள் இடம்பெறவில்லை. 2025 ஆகத்து 14 அன்று உச்ச நீதிமன்றம், விடுபட்ட பெயர்களைக் காரணத்துடன் இணையத்தில் வெளியிடவும், அவை வாக்காளர் அடையாள அட்டை எண்ணைக் கொண்டு தேடக்கூடியனவாக இருக்கவும் இடைக்கால ஆணை பிறப்பித்தது. அதே ஆண்டு நவம்பரில் தமிழ்நாட்டிலும் இத்திருத்தப் பணி தொடங்கியது.

படக் கோப்பில் தம் பெயர் உள்ளதா என அறிய விரும்பும் வாக்காளர், தம் பாகத்திற்குரிய எல்லாப் பக்கங்களையும் கண்ணால் பார்க்க வேண்டும். உரைக் கோப்பில் இதற்கு ஒரு நொடி போதும். அதே எளிமை விவரங்களைத் தவறாகத் திரட்டுவோருக்கும் உதவும் என்பது மறுபக்க வாதம்.

திறம்பட உருவாக்குதல்

ஆவணத்தை ஒருங்குறியில் தட்டச்சு செய்வதே முதற்படி. தலைப்புகளை வெறுமனே தடித்த எழுத்தாக்காமல், சொற்செயலியின் தலைப்புப் பாணிகளைக் கொண்டு அமைத்தால், ஏற்றுமதியின்போது அவை கோப்பின் பக்கவாட்டுப் பொருளடக்கமாக மாறும். நூறு பக்க ஆவணத்தில் இவ்வசதி மிகவும் பயன்படும்.

பி.டி.எஃப் ஆக மாற்றும்போது "அச்சிடு" கட்டளையைவிட "ஏற்றுமதி செய்" கட்டளையைப் பயன்படுத்துவது நல்லது. அச்சு வழியில் தலைப்புகள், இணைப்புகள், மொழிக் குறிப்பு ஆகியவை பெரும்பாலும் இழக்கப்படுகின்றன. கோப்பை வெளியிடும் முன் கொம்பெழுத்துள்ள சில சொற்களைத் தேடிப் பார்க்க வேண்டும். மூல ஆவணத்தையும் தனியே பாதுகாக்க வேண்டும். பி.டி.எஃப் என்பது ஆவணத்தின் இறுதித் தோற்றம் மட்டுமே. பின்னாளில் திருத்த வேண்டுமாயின் மூலமே எளிது.

வருடுதல்

வருடும் நுணுக்கம் கோப்பின் அளவையும் தரத்தையும் முடிவு செய்கிறது. ஏ4 தாளை அங்குலத்திற்கு 300 புள்ளிகள் என வருடினால் 2480 × 3508 புள்ளிகள் கொண்ட படம் கிடைக்கும். சுருக்கப்படாத நிலையில் இது வண்ணத்தில் ஏறத்தாழ 26 மெகாபைட்டும், கறுப்பு வெள்ளையில் 1.1 மெகாபைட்டும் ஆகும். அச்சு நூலுக்கு 300 புள்ளிகள் போதுமானவை. சிறிய எழுத்துள்ள அகராதி போன்றவற்றுக்கு 400 அல்லது 600 புள்ளிகள் தேவைப்படலாம். சாய்வைச் சரிசெய்து, ஓர நிழல்களை நீக்கியபின் எழுத்துணரிக்கு அளித்தால் பிழைகள் குறையும்.

சுருக்கத்தில் எச்சரிக்கை தேவை. ஒத்த வடிவங்களை ஒன்றாகக் கருதி ஒரே படத்தைப் பலமுறை பயன்படுத்தும் சுருக்கமுறை சில கருவிகளில் உள்ளது. 2013 இல் செருமானியக் கணினி அறிஞர் டேவிட் கிரீசல், செராக்சு நிறுவனத்தின் சில வருடிகள் இம்முறையால் ஓர் எண்ணை வேறோர் எண்ணாக மாற்றிவிடுவதைக் கண்டுபிடித்தார். பக்கம் தெளிவாகவே தெரிந்தது. எண் மட்டும் தவறாக இருந்தது. நிறுவனம் பின்னர் திருத்தங்களை வெளியிட்டது. ஆவணக் காப்புக்கு இழப்பற்ற சுருக்கமே பாதுகாப்பானது.

எழுத்துணரி

படத்திலுள்ள எழுத்துகளை இனங்கண்டு உரையாக மாற்றும் மென்பொருள் எழுத்துணரி எனப்படும். எச்.பி நிறுவனத்தில் உருவாகி 2005 இல் திறமூலமாக்கப்பட்ட டெசராக்ட், தமிழைக் கையாளும் கட்டற்ற எழுத்துணரி ஆகும். கூகுள் இயக்ககத்திலும் தமிழ் எழுத்துணரி வசதி உண்டு. ஓசிஆர்மைபிடிஎஃப் என்னும் கட்டற்ற மென்பொருள், படத்தின் பின்னே கண்ணுக்குத் தெரியாத உரை அடுக்கு ஒன்றைச் சேர்க்கிறது. இதனால் பக்கத்தின் தோற்றம் மாறாமலேயே தேடல் வசதி கிடைக்கிறது.

பழைய தமிழ் நூல்களில் எழுத்துணரி தவறும் இடங்கள் சில உள்ளன.

1. 1978 ஆம் ஆண்டின் எழுத்துச் சீர்திருத்தத்திற்கு முற்பட்ட நூல்களில் ணா, றா, னா, ணை, லை, ளை, னை முதலிய 13 எழுத்துகள் வேறு வடிவில் இருக்கும்.
2. தமிழ் எண்களான ௧, ௨, ௪, ௭, ௮ ஆகியவை முறையே க, உ, ச, எ, அ ஆகிய எழுத்துகளை ஒத்தவை. பக்க எண்களும் செய்யுள் எண்களும் எழுத்துகளாகப் பதிவாகலாம்.
3. தேய்ந்த அச்சில் மெய்ப்புள்ளி மறைந்து, "க்" என்பது "க" என வாசிக்கப்படலாம்.

எனவே எழுத்துணரியின் வெளியீடு தேடுவதற்கு உதவுமேயன்றி, மெய்ப்புப் பார்க்காமல் மேற்கோளாகப் பயன்படுத்தத் தக்கதன்று.

அளவு மாறாமல் அச்சிடுதல்

திருவள்ளூரை அடுத்த மணவாள நகர், காக்களூர் தொழிற்பேட்டை, கும்மிடிப்பூண்டி சிப்காட் வளாகம் போன்ற தொழிற்பகுதிகளில் இயங்கும் சிறு பட்டறைகளுக்குப் பொறியியல் வரைபடங்கள் பெரும்பாலும் பி.டி.எஃப் கோப்புகளாகவே வருகின்றன. ஏ3 தாளுக்கு வரைந்ததை ஏ4 தாளில் அச்சிட்டால் நீளங்கள் 70.7 விழுக்காடாகக் குறையும். 100 மி.மீ. கோடு 70.7 மி.மீ. ஆகும். ஒரே அளவுத் தாளில் அச்சிட்டாலும், "தாளுக்குப் பொருத்து" என்ற தெரிவு வரைபடத்தைச் சில விழுக்காடு சுருக்கிவிடும். வார்ப்புருவாக வெட்டிப் பயன்படுத்தும் வரைபடத்தில் இச்சிறு வேறுபாடே பொருளை வீணாக்கப் போதுமானது.

ஆகவே "உண்மை அளவு" அல்லது "100 விழுக்காடு" என்ற தெரிவில் அச்சிட்டு, அளவு தெரிந்த ஒரு கோட்டை அளவுகோலால் சரிபார்ப்பது வழக்கம். எவ்வாறாயினும், வரைபடத்தில் எழுதப்பட்ட எண்ணே அளவு. தாளில் அளந்து எடுப்பது அன்று. திருத்த எண்ணையும் நாளையும் கோப்பின் பெயரிலேயே குறித்தால், பழைய வரைபடத்தைக் கொண்டு வேலை செய்யும் தவறைத் தவிர்க்கலாம்.

பாதுகாப்பு

கடவுச்சொல்: பி.டி.எஃப் கோப்புக்கு இருவகைக் கடவுச்சொற்கள் உண்டு. முதல்வகை கோப்பைத் திறக்கவே தேவைப்படுவது. இது உள்ளடக்கத்தை மறையாக்கம் செய்கிறது. இரண்டாவது வகை, அச்சிடுதல், படியெடுத்தல் போன்றவற்றைத் தடுப்பது. கோப்பு திறந்தபின் இத்தடையைக் கடைப்பிடிப்பது படிக்கும் மென்பொருளின் பொறுப்பு ஆதலால், இதனை உறுதியான காப்பாகக் கருத இயலாது. மின் ஆதார் கோப்பின் கடவுச்சொல், பெயரின் முதல் நான்கு ஆங்கிலப் பேரெழுத்துகளும் பிறந்த ஆண்டும் சேர்ந்தது என்பது பலரும் அறிந்தது. ஆகவே அக்கோப்பைக் கண்ட இடங்களில் விட்டுவைப்பது ஆபத்தானது. பொதுக் கணினி மையத்தில் பதிவிறக்கம் செய்தால், அச்சிட்டபின் கோப்பையும் குப்பைத்தொட்டியையும் அழிக்க வேண்டும்.

மறைத்தல்: ஒரு சொல்லின் மேல் கறுப்புப் பெட்டி வரைவதால் அச்சொல் நீங்குவதில்லை. அது பெட்டியின் அடியில் அப்படியே இருக்கும், படியெடுத்தால் வெளிப்படும். 2019 சனவரியில் அமெரிக்காவில் பால் மானஃபோர்ட்டின் வழக்கறிஞர்கள் தாக்கல் செய்த ஆவணத்தில் மறைக்கப்பட்ட பகுதிகள் இவ்வாறே வெளிப்பட்டன. உரையை உண்மையில் நீக்கும் கருவியைப் பயன்படுத்த வேண்டும். அல்லது மறைத்த பக்கத்தைப் படமாக மாற்றி, அப்படத்திலிருந்து புதிய கோப்பை உருவாக்கலாம்.

இணையவழிச் சேவைகள்: கோப்பைச் சுருக்கவும் இணைக்கவும் உதவும் இலவசத் தளங்களுக்குக் கோப்பு முழுவதும் அனுப்பப்படுகிறது. அடையாள ஆவணங்கள், வங்கி விவரங்கள் ஆகியவற்றுக்குக் கணினியிலேயே இயங்கும் கோஸ்ட்ஸ்கிரிப்ட், கியூபிடிஎஃப் போன்ற கட்டற்ற மென்பொருள்கள் பொருத்தமானவை.

மின்னொப்பம்

இந்தியாவில் தகவல் தொழில்நுட்பச் சட்டம், 2000 எண்ணிம ஒப்பத்திற்குச் சட்ட ஏற்பு அளிக்கிறது. ஆதார் கோப்பிலும், அரசு இணையவழி வழங்கும் பல சான்றிதழ்களிலும் இவ்வொப்பம் உள்ளது. ஒப்பமிடும்போது கோப்பின் பைட்டுகளிலிருந்து ஒரு சுருக்க எண் கணிக்கப்பட்டு, வழங்குநரின் மறைச்சாவியால் ஒப்பமிடப்படுகிறது. பின்னர் ஒரு பைட்டு மாறினாலும் சரிபார்ப்பு அதனைக் காட்டிக்கொடுக்கும்.

இதிலிருந்து மூன்று செய்திகள் பெறப்படுகின்றன. முதலாவது, திரையில் தோன்றும் ஒப்பப் படம் சான்று அன்று. மென்பொருள் செய்யும் சரிபார்ப்பே சான்று. இரண்டாவது, கோப்பைச் சுருக்கினாலோ, பிற கோப்புடன் இணைத்தாலோ, மீண்டும் பி.டி.எஃப் ஆக அச்சிட்டாலோ ஒப்பம் அழிந்துவிடும். ஆகவே பதிவிறக்கிய மூலக் கோப்பை மாற்றாமல் வைத்துக்கொண்டு, படியை மட்டுமே சுருக்க வேண்டும். மூன்றாவது, மஞ்சள் நிறக் கேள்விக்குறி தோன்றினால் அது போலி என்று பொருளன்று. ஒப்பமிட்டவரின் சான்றிதழைக் கணினி இன்னும் அறியவில்லை என்பதே பொருள். சான்றிதழின் வழங்குநரைச் சரிபார்த்து நம்பிக்கைப் பட்டியலில் சேர்த்தபின் பச்சைக் குறி தோன்றும்.

நெடுங்காலப் பாதுகாப்பு

ஆவணக் காப்பகங்களுக்கென பி.டி.எஃப்/ஏ என்னும் துணைவடிவம் 2005 இல் ஐ.எசு.ஓ 19005-1 சீர்தரமாக வெளியானது. இதில் எல்லா எழுத்துருக்களும் உட்பொதிக்கப்பட வேண்டும். கடவுச்சொல்லும் வெளி உள்ளடக்கச் சார்பும் கூடா. 2011 இல் வந்த இரண்டாம் பகுதியில், எல்லா உரைக்கும் ஒருங்குறிப் பொருத்தம் இருக்க வேண்டும் என்னும் தனி நிலை ஒன்று வரையறுக்கப்பட்டது. தமிழ் ஆவணங்களுக்கு இந்நிலை மிகவும் ஏற்றது. மாற்றுத்திறனாளிகள் அணுகுவதற்கான பி.டி.எஃப்/யூ.ஏ சீர்தரம் 2012 இல் வெளிவந்தது.

குறைபாடுகள்

பி.டி.எஃப் பக்கத்தின் அளவு நிலையானது. எனவே கைபேசியின் சிறுதிரையில் வரிகள் தாமாக மடங்குவதில்லை. பக்கத்தை இடவலமாக நகர்த்திப் படிக்க நேர்கிறது. கதை, கட்டுரை போன்ற தொடர் உரைக்கு மின்பதிப்பு வடிவமோ வலைப்பக்கமோ ஏற்றது. அட்டவணை எண்களைக் கணக்கிடப் பயன்படுத்துவோருக்கு விரிதாளே பொருத்தமானது. அச்சுத் தோற்றம் இன்றியமையாத இடங்களில் பி.டி.எஃப் வடிவமும், உரை முதன்மையான இடங்களில் ஒருங்குறி உரையும் என இரண்டையும் சேர்த்து வெளியிடுவதே தமிழ் ஆவணங்களுக்கு நன்மை தரும். மதுரைத் திட்டம் இவ்வழியைப் பின்பற்றியது.

இவற்றையும் பார்க்க

ஒருங்குறி
திஸ்கி
தமிழ்99
எழுத்துணரி
மதுரைத் திட்டம்
நூலகம் திட்டம்
தமிழ் எழுத்துச் சீர்திருத்தம்